ரேகைக்கு முந்தி, ரேகைக்குப் பிந்தி

எங்கள் அப்பத்தாவுக்கு வருஷக் கணக்கு தெரியாது. தன் கல்யாணம், மூத்த பிள்ளை பிறந்தது, ஊரைக் காலரா வாரிக்கொண்டு போனது என்று எதைக் கேட்டாலும் 'ரேகைக்கு முந்தி', 'ரேகைக்குப் பிந்தி', 'ரேகை நின்ன பிறகு' என்றுதான் சொல்லும். உசிலம்பட்டிப் பக்கத்தில் அந்தத் தலைமுறைக்கே காலண்டர் அதுதான். ரேகை என்று அவர்கள் சொன்னது குற்றப் பரம்பரைச் சட்டத்தை.

நான் கள்ளர் சீரமைப்புத் துறையின் பள்ளியில் படித்து, பிறகு அதே துறையின் பள்ளிகளில் வரலாறு சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்றவன். பாடப் புத்தகத்தில் ரௌலட் சட்டம் இருந்தது, ஜாலியன்வாலா பாக் இருந்தது. எதிரே உட்கார்ந்திருந்த பிள்ளைகளின் தாத்தாக்கள் கைரேகை வைத்த கதை அதில் இல்லை. அரசாங்கத்தின் அதிகாரம் எதுவரை போகலாம், எங்கே நிற்க வேண்டும் என்பதை நான் கற்றுக்கொண்டது அந்தக் கதையிலிருந்துதான். ஆகவே அதை முழுதாகச் சொல்லிவிட நினைக்கிறேன்.

அப்பத்தா சொன்னதிலிருந்தே தொடங்குகிறேன். "பொழுது சாயவும் சோத்தத் தின்னுப்புட்டு, கம்பளிய மடிச்சுக் கக்கத்துல வச்சுக்கிட்டு ஒங்க தாத்தா சாவடிக்குப் போயிருவாரு. ஊரு ஆம்பளையெல்லாம் அங்கனதான் படுக்கணும். மழையா இருந்தாலும் அங்கனதான், காய்ச்சலா இருந்தாலும் அங்கனதான். ஒங்கப்பன் பொறந்த அன்னிக்கு எனக்கு ராத்திரி வலி எடுத்துச்சு. பொம்பளைகதான் இருந்தோம். விடிஞ்சு பேரு கூப்பிட்டு விட்ட பிறகுதான் அந்த மனுசன் வந்து பிள்ளையப் பாத்தாரு." அப்பத்தா இதைக் கோபமாகச் சொன்னதில்லை. மழை பொய்த்த வருஷத்தைச் சொல்வது போலத்தான் சொல்லும். சிறுவனாக இருந்தபோது எனக்கும் அது உறைக்கவில்லை. சட்டத்தின் வாசகத்தைப் படித்த பிறகுதான் தாத்தா எந்தக் குற்றத்துக்காக வீட்டுக்கு வெளியே படுத்தார் என்று தேடினேன். எந்தக் குற்றமும் இல்லை. அவர் மீது ஒரு வழக்குகூட இருந்ததில்லை.

முதல் குற்றப் பரம்பரைச் சட்டம் 1871இல் வட இந்தியாவுக்காக வந்தது. தச்சன் மகன் தச்சனாவதைப் போல இந்த நாட்டில் திருடன் மகன் திருடனாகிறான், குற்றமும் ஒரு குலத்தொழிலே என்ற எண்ணம் அதன் அடியில் இருந்தது. 1911இல் வந்த மூன்றாம் எண் சட்டம் அதைச் சென்னை மாகாணத்துக்கும் கொண்டுவந்தது. 1924இல் அது மீண்டும் திருத்தி எழுதப்பட்டது. ஒரு குலமோ கூட்டமோ தொடர்ந்து குற்றம் செய்வதாக நம்பக் காரணம் இருக்கிறது என்று மாகாண அரசு கருதினால் போதும், கெஜட்டில் ஓர் அறிவிப்புப் போட்டு அந்தக் குலத்தையே குற்றப் பரம்பரை ஆக்கிவிடலாம். விசாரணை இல்லை, சாட்சி இல்லை. அந்த அறிவிப்புச் செல்லுமா என்று எந்த நீதிமன்றமும் கேள்வி கேட்கக் கூடாது என்று சட்டமே எழுதி வைத்துக்கொண்டது. என் பார்வையில் அந்தச் சட்டத்தின் விஷம் முழுவதும் இந்த ஒரு வரியில் இருக்கிறது. தவறான உத்தரவு எந்த அரசாங்கத்திலும் வரும். அதைத் தவறென்று சொல்லும் வாயையும் சேர்த்து அடைத்துவிட்டால், குடிமகனுக்கு ஒதுங்க இடம் கிடையாது.

அறிவிப்பு வந்ததும் பதிவேடு தொடங்கும். பெயர், தகப்பன் பெயர், ஊர், அங்க அடையாளம், பத்து விரல் ரேகை. கறுப்பு மை தடவிய தகட்டில் ஒவ்வொரு விரலையும் உருட்டிக் காகிதத்தில் ஒற்ற வேண்டும். விரல் ரேகையை வகைப்படுத்தும் முறை அப்போது புதிது. வங்காளத்தில் எட்வர்ட் ஹென்றியின் கீழ் அசிசுல் ஹக், ஹேமச்சந்திர போஸ் என்ற இரு இந்தியர்கள் உழைத்து உருவாக்கிய முறை அது. 1897இல் கல்கத்தாவில் ரேகைக் கூடம் திறந்தார்கள். லண்டன் போலீசுக்கு அந்த முறை பிறகுதான் போனது. மண்வெட்டியும் ஏரும் பிடித்துத் தேய்ந்த எங்கள் ஆட்களின் விரல்களை அந்த நவீன விஞ்ஞானம் வந்து தொட்டது இப்படித்தான்.

பதிவானவர்களில் சிலர் குறித்த நேரத்தில் ஆஜராக வேண்டும். வேறு சிலர் குடியிருக்கும் இடத்தையும், ஊரை விட்டுப் போவதையும் முன்கூட்டியே தெரிவிக்க வேண்டும். சட்டத்தின் 10ஆம் பிரிவு இவ்வளவுதான் சொல்லும். ஊரில் இதற்குப் பொருள், ராத்திரியில் சாவடியிலோ கச்சேரியிலோ படுக்க வேண்டும், வெளியூர் போனால் ராதாரிச் சீட்டு வேண்டும் என்பது. சம்பந்தி வீட்டுச் சாவுக்குப் போக வேண்டுமானால் முதலில் கிராம முன்சீப் வீட்டுத் திண்ணையில் போய் நிற்க வேண்டும். எந்த ஊருக்கு, என்ன காரியம், என்றைக்குத் திரும்புவாய் என்று அவர் சீட்டில் எழுதிக் கொடுப்பார். போன ஊரிலும் சீட்டைக் காட்ட வேண்டும். சீட்டில்லாமல் அகப்பட்டால் வாரண்டு இல்லாமலே பிடிக்கலாம். திருடத்தான் போகிறான் என்று நம்பத்தக்க சூழ்நிலையில் அகப்பட்டான் என்றால் மூன்றாண்டு வரை சிறை. திருடியிருக்க வேண்டியதில்லை.

முன்சீப்புக்கு வேண்டாதவன் சீட்டு வாங்க முடியாது. முன்சீப் வயலில் கூலியில்லாமல் இறங்கினவனுக்குச் சீட்டு சீக்கிரம் கிடைக்கும். இதை எந்த அரசு ஆவணமும் சொல்லாது, எங்கள் ஊர்ப் பெரியவர்கள் எல்லோரும் சொல்வார்கள். கல்கத்தாவிலும் டெல்லியிலும் உட்கார்ந்து சட்டம் எழுதியவர்கள் அதிகாரத்தைக் கவர்னருக்குக் கொடுத்ததாக நினைத்தார்கள். அது கீழே இறங்கி இறங்கி, கடைசியில் ஒரு திண்ணையில் வந்து உட்கார்ந்துகொண்டது.

பிறமலைக் கள்ளர்களான எங்கள் ஆட்கள் திருடவே இல்லையா என்று கேட்பார்கள். நேர்மையாகச் சொல்ல வேண்டும். நாயக்கர் காலத்திலிருந்தே பிறமலைக் கள்ளர்கள் ஊர்களுக்கும் பாதைகளுக்கும் காவல் பார்த்தவர்கள். அதற்கு ஊர் நெல்லாகவும் பணமாகவும் காவல்கூலி கொடுத்தது. களவு போனால் காவல்காரன் கண்டுபிடித்துத் தர வேண்டும், இல்லையேல் ஈடு கொடுக்க வேண்டும். கம்பெனியும் பின்னால் வந்த அரசும் போலீசைக் கொண்டுவந்தபோது இந்த ஏற்பாட்டுக்குச் சட்டத்தில் இடமில்லாமல் போனது. ஆனால் நடைமுறையில் அது நீடித்தது, கெட்டும் போனது. காவல் வைக்காத ஊரில் மாடு காணாமல் போகும், துப்புக்கூலி கொடுத்தால் திரும்பி வரும். இதில் நொந்துபோன விவசாயிகள் 1896இல் திண்டுக்கல் பக்கம் திரண்டார்கள். பொதுப்பணம் திரட்டி, களவு கொடுத்தவனுக்கு ஈடு கொடுத்து, கள்ளர் காவலை ஒழிக்க முயன்றார்கள். பண்டு என்று அதைச் சொல்வார்கள். அந்த விவசாயிகளின் குறை உண்மையான குறை. அதோடு எங்கள் நாடு வானம் பார்த்த பூமி. 1895இல் திறந்த பெரியாற்று அணையின் தண்ணீர் மதுரை, மேலூர்ப் பக்கம் வயல்களை நனைத்தது. உசிலம்பட்டிப் பக்கத்துக்கு வரவில்லை.

ஆக, அரசாங்கத்தின் முன்னால் ஒரு நிஜமான பிரச்சினை இருந்தது. மாடு திருடியவனைப் பிடித்து, சாட்சி வைத்து, தண்டிக்கும் அதிகாரமும் அதற்கு இருந்தது. தண்டனைச் சட்டம் 1860இலேயே வந்துவிட்டது. திருடனைத் தேடுவது உழைப்பு, செலவு. ஊரையே அடைத்துப் போடுவது சுலபம். அரசாங்கம் சுலபமான வழியில் போனது. 1914இல் நாகமலைக்கு அருகிலுள்ள கீழக்குயில்குடிக் கள்ளர்கள் மீது சட்டம் பாய்ந்தது. சில ஆண்டுகளில் பிறமலைக் கள்ளர் நாடு முழுவதற்கும் அது நீண்டது.

1920 ஏப்ரல் 3ஆம் தேதி பெருங்காமநல்லூரில் நடந்தது அதன் தொடர்ச்சி. ரேகை வைக்க அந்த ஊர் மறுத்துவிட்டது. எங்களிடம் என்ன குற்றம் கண்டீர்கள் என்பதுதான் அவர்கள் கேள்வி. ஆயுதப் போலீஸ் ஊரைச் சுற்றி வளைத்தது. வாக்குவாதம் முற்றியது. ஊர்க்காரர்கள் கையில் கம்பும் கல்லும் இருந்தன, எதிரில் துப்பாக்கி இருந்தது. மாயக்காள் என்ற பெண் உட்பட 16 பேர் செத்தார்கள். குண்டடி பட்டுக் கிடந்தவர்களுக்குத் தண்ணீர் கொண்டுபோனவள் மாயக்காள் என்று ஊர் சொல்கிறது. பிடிபட்டவர்களைச் சங்கிலியில் பிணைத்துத் திருமங்கலம் வரை நடத்திக் கூட்டிப்போனார்கள். பஞ்சாபில் ஜாலியன்வாலா பாக் நடந்து அப்போது ஓராண்டுகூட நிறையவில்லை. அதற்கு நாடே அழுதது. இதற்கு மதுரை ஜில்லாவுக்கு வெளியே அழுதவர்கள் குறைவு.

அந்தக் குறைவான பேரில் ஒருவர் ஜார்ஜ் ஜோசப். செங்கன்னூரில் பிறந்து, லண்டனில் பாரிஸ்டர் பட்டம் பெற்று, மதுரையில் வக்கீல் தொழில் செய்த மலையாளக் கிறிஸ்தவர். 1919இல் மதுரையில் ரௌலட் சட்டத்துக்கு எதிரான இயக்கத்தை நடத்தியவரும் அவர்தான். விசாரணையில்லாமல் அடைத்து வைக்கலாம் என்றது ரௌலட் சட்டம். விசாரணையில்லாமல் ஒரு சாதியையே அடைத்து வைக்கலாம் என்றது ரேகைச் சட்டம். இரண்டும் ஒன்றே என்று கண்டுகொண்ட தலைவர்கள் அன்று மிகச் சிலர். படித்தவர்களையும் அரசியல் பேசியவர்களையும் தொட்ட சட்டம் தேசப் பிரச்சினை ஆயிற்று. கம்பளியோடு சாவடிக்குப் போனவனைத் தொட்ட சட்டம் போலீஸ் விவகாரமாகவே கிடந்தது. ஜார்ஜ் ஜோசப் கள்ளர்களுக்காக வழக்காடினார், எழுதினார். எங்கள் ஆட்கள் அவரை ரோசாப்பூ துரை என்றார்கள். பிள்ளைகளுக்கு ரோசாப்பூ என்று பெயர் வைத்தார்கள், ஆண் பிள்ளைகளுக்கும்தான். அவருக்குப் பிறகு முத்துராமலிங்கத் தேவர் முப்பதுகளில் ஊர் ஊராகப் போய் ரேகை வைக்காதே என்று பேசினார். 1936இல் நெல்லூருக்கு வந்த நேரு, இந்தச் சட்டம் குடிமை உரிமைகளையே மறுக்கிறது, நீக்கப்பட வேண்டும் என்று வெளிப்படையாகச் சொன்னார்.

இன்னொரு பக்கத்தையும் நான் சொல்லியாக வேண்டும், ஏனென்றால் என் சோறு அதிலிருந்து வந்தது. 1920களில் கள்ளர் சீரமைப்புத் திட்டம் வந்தது. பள்ளிக்கூடங்கள், விடுதிகள், கூட்டுறவுச் சங்கங்கள், கிணறுகள், நிலம். மதுரை, தேனி, திண்டுக்கல் மாவட்டங்களில் அந்தப் பள்ளிகள் இன்றும் நடக்கின்றன. என் அப்பா அங்கே எழுத்துப் படித்தார், நான் அங்கே வாத்தியாரானேன். "அந்தச் சட்டம் வராட்டி நமக்குப் பள்ளிக்கூடம் ஏதுப்பா?" என்று என்னிடமே கேட்ட பெரியவர்கள் உண்டு. யோசிக்க வேண்டிய கேள்விதான். நான் சொன்ன பதில் இது: பள்ளிக்கூடம் கட்டச் செங்கலும் வாத்தியாரும் வேண்டும், பத்து விரல் ரேகை வேண்டாம். நல்லது செய்கிறோம் என்ற பெயரில் ஓர் அரசாங்கம் மனிதனின் தூக்கத்தையும் நடமாட்டத்தையும் கையில் எடுத்துக்கொண்டால், அந்த நல்லதுக்கு நாம் கொடுத்த விலை எவ்வளவு என்று கேட்கும் உரிமை நமக்கு உண்டு. அன்றைய சென்னை மாகாணத்தின் ஸ்டூவர்ட்புரம் குடியேற்றத்தில் எருகுலர்களைத் திருத்துகிறோம் என்று சொல்லி ரட்சணிய சேனையின் பொறுப்பில் வைத்தார்கள். அங்கே இருந்தவர்கள் சீராலாப் புகையிலை ஆலைக்கு வேலைக்குப் போனார்கள். வேலையும் கூலியும் கிடைத்தது உண்மை. பிடிக்காவிட்டால் வேலையை விட்டு ஊருக்குப் போக முடியாது என்பதும் உண்மை.

சென்னை மாகாணம் 1947இல் சட்டத்தை நீக்கியது. அனந்தசயனம் அய்யங்கார் தலைமையில் குழு வைத்துப் பார்த்து, இந்தியா முழுவதற்கும் 1952 ஆகஸ்ட் 31இல் நீக்கினார்கள். சுதந்திரம் வந்து ஐந்தாண்டு கழித்துத்தான் நாட்டில் பல லட்சம் பேருக்குச் சுதந்திரம் வந்தது. சீர்மரபினர் என்ற பெயர் அப்படி வந்ததுதான்.

ஒரு சட்டம் போனாலும் அதில் பழகிய கை சீக்கிரம் பழக்கத்தை விடுவதில்லை. 1948இலேயே சென்னையில் வழக்கமான குற்றவாளிகள் கட்டுப்பாட்டுச் சட்டம் வந்துவிட்டது. அதில் ஒரு முன்னேற்றம் உண்டு: சாதியைப் பார்க்காமல், தனி ஆள் பெற்ற தண்டனைகளைப் பார்த்தது. ஆனால் ஸ்டேஷனில் பழைய பதிவேடு இருந்த அலமாரியிலேதான் புதிய பதிவேடும் போய் உட்கார்ந்தது.

உத்தரப் பிரதேசத்தைச் சேர்ந்த கரக் சிங்கின் வழக்கை வகுப்பில் நான் விரும்பிச் சொல்வேன். 1941இல் ஒரு கொள்ளை வழக்கில் பிடிபட்டு, சாட்சியம் இல்லை என்று விடப்பட்டவர். ஆனாலும் போலீஸ் அவர் பெயரில் சரித்திரப் பதிவேடு திறந்தது. ராத்திரியில் வந்து கதவைத் தட்டுவார்கள், கூப்பிடுவார்கள், தூக்கத்தில் எழுப்புவார்கள். அவர் உச்ச நீதிமன்றம் போனார். 1962 டிசம்பரில், ராத்திரியில் வீட்டுக்கு வந்து எழுப்பும் அந்த விதி அரசமைப்புக்கு விரோதம் என்று தீர்ப்பு வந்தது. மற்றக் கண்காணிப்புகளைப் பெரும்பான்மை நீதிபதிகள் விட்டுவிட்டார்கள். அந்த விதிகள் முழுவதுமே செல்லாது, அந்தரங்கம் தனிமனிதச் சுதந்திரத்தின் பகுதி என்று மாற்றுத் தீர்ப்பு எழுதியவர்களில் முதன்மையானவர் சுப்பாராவ், சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதியாக இருந்தவர். 2017இல் புட்டசாமி வழக்கில் ஒன்பது நீதிபதிகள் அந்தச் சிறுபான்மைக் கருத்தின் பக்கம் வந்து சேர 55 ஆண்டுகள் ஆயின. கரக் சிங் தீர்ப்பைப் படிக்கும்போதெல்லாம், அப்படி ஒரு நீதிமன்றம் எங்கள் தாத்தாவுக்கு இருந்திருந்தால் என்று நினைப்பேன்.

நம் வீட்டுப் பக்கமும் பார்க்க வேண்டும். 1982ஆம் ஆண்டின் 14ஆம் எண் சட்டத்தைக் குண்டாஸ் என்று எல்லோரும் சொல்வோம். கள்ளச்சாராயம், போதைப்பொருள் என்று தொடங்கி, திருட்டு விசிடி, மணல் கடத்தல், இணையக் குற்றம் என வளர்ந்தது. விசாரணையில்லாமல் ஓராண்டு உள்ளே வைக்கலாம். இந்தத் தடுப்புக் காவலை நாட்டிலேயே மிக அதிகமாகப் பயன்படுத்தும் மாநிலங்களில் தமிழ்நாடு ஒன்று. உயர் நீதிமன்றம் இப்படிப்பட்ட ஆணைகளை அடிக்கடி ரத்து செய்கிறது. ரத்தாவதற்குள் மாதக்கணக்கில் சிறையில் இருந்தவனுக்கு அந்த நாட்களை யாரும் திருப்பித் தருவதில்லை. 2022இல் வந்த குற்றவியல் நடைமுறை அடையாளச் சட்டம், ரேகையோடு கண்விழிப் படலத்தையும் சேர்த்து எடுத்து 75 ஆண்டுகள் வைத்திருக்கலாம் என்கிறது. விடுதலையானவர்களின் பதிவை அழிக்க அதில் வழி இருக்கிறது. ஆனால் அது நீக்கிய பழைய கைதிகள் அடையாளச் சட்டம் பிறந்த ஆண்டு எது தெரியுமா? 1920. பெருங்காமநல்லூர் ஆண்டு.

குற்றமே இல்லாத ஊர் எங்கும் இல்லை. வீட்டில் திருடு போனால் நானும் ஸ்டேஷனுக்குத்தான் போவேன், போலீஸ் வர வேண்டும் என்றுதான் எதிர்பார்ப்பேன். அரசாங்கத்துக்குப் பலம் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. ரேகைச் சட்டத்தின் முப்பத்துச் சொச்சம் ஆண்டுகள் எனக்குக் கற்பித்தவை மூன்று. ஒரு மனிதனை அவன் செய்த காரியத்துக்காக மட்டுமே தொடலாம். பிறப்புக்காகவும், இனிமேல் செய்வான் என்ற ஊகத்துக்காகவும் தொடக் கூடாது. தொடுகிற கை, காரணத்தை ஒரு நீதிபதியின் முன்னால் சீக்கிரமாகச் சொல்ல வேண்டும். நீதிமன்றம் கேட்கக் கூடாது என்று எழுதிய சட்டம் எதுவானாலும் சந்தேகப்பட வேண்டும். கட்டுப்பாட்டுக்கு ஒரு முடிவுத் தேதி இருக்க வேண்டும். ரேகைச் சட்டம் மூன்றிலும் தோற்றது. இன்று வரும் எந்தச் சட்டத்தையும் நான் இந்த மூன்றையும் வைத்துத்தான் பார்க்கிறேன்.

கடைசியாக எங்கள் ஆட்களுக்கு ஒரு வார்த்தை. ரேகை வைத்த வம்சத்தில் இன்று போலீஸ் அதிகாரிகள் இருக்கிறார்கள், வக்கீல்கள், சட்டமன்ற உறுப்பினர்கள் இருக்கிறார்கள். சங்கிலியோடு திருமங்கலத்துக்கு நடந்தவர்களின் பேரப்பிள்ளைகள் அதே ஊர் நீதிமன்றத்தில் கோட்டுப் போட்டு நிற்பது பெருமைதான். ஆனால் அதே பட்டியலில் இருந்த குறவர் வீட்டில், எங்காவது நகை காணாமல் போனால் இன்றும் முதலில் ஜீப் வந்து நிற்கிறது. 2024 அக்டோபர் 3ஆம் தேதி சிறைச்சாலைச் சாதிப் பாகுபாடு வழக்கில் உச்ச நீதிமன்றம், சீர்மரபினரைப் பிறவிக் குற்றவாளிகளாகப் பார்க்கும் வழக்கத்தைக் கண்டித்து, அவர்களைக் காரணமில்லாமல் கைது செய்யக் கூடாது என்று காவல்துறைக்குச் சொல்ல வேண்டியிருந்தது. பெருங்காமநல்லூர் நினைவுத்தூணுக்கு ஆண்டுதோறும் ஏப்ரல் 3இல் மாலை போடுகிறோம். அந்த 16 பேரும் தங்கள் சாதிக்காக மட்டும் செத்ததாக நினைத்தால் அவர்களைச் சிறுமைப்படுத்துகிறோம். குறவர் வீட்டுப் பையனைச் சந்தேகக் கேசில் கூட்டிப்போகும்போது, 'என்ன குற்றம் கண்டீர்கள்?' என்று ஸ்டேஷன் வாசலில் போய் முதலில் கேட்க வேண்டியவர்கள் நாம்தான்.